காத்திருக்கிறவர்களின் சுவர்

எங்கள் ஊர் தாலுகா ஆபீசின் மூன்றாம் ஜன்னல் ஒரு திங்கட்கிழமை காலையில் தன் சுவரை விட்டுக் கிளம்பி, கடைத்தெருவைத் தாண்டி, கன்னியம்மாவின் இட்லிக்கடைப் பக்கச் சுவரில் போய் உட்கார்ந்துகொண்டது. மரச்சட்டமும் துருப்பிடித்த கம்பிகளும், எத்தனையோ பேர் முழங்கையை ஊன்றி ஊன்றி வழுவழுப்பாகிப்போன பலகையும், காகிதம் நுழைக்கிற அரைவட்டப் பொந்தும் ஒன்றும் சிந்தாமல் வந்து சேர்ந்திருந்தன. பழைய இடத்தில் அது இருந்ததற்கு அடையாளமாக ஒரு கீறல்கூட இல்லை, வெள்ளையடித்த சுவர்மேல் வெயில் அடித்துக்கொண்டிருந்தது. ஜன்னலுக்கு உள்ளே எப்போதும்போல குமாஸ்தா குணசீலன் உட்கார்ந்திருந்தார், அவர் தலைக்கு மேலே மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது, முதுகுக்குப் பின்னால் அலமாரிகள் நின்றன. அவர் ஆபீசில்தான் இருந்தார். ஜன்னல்தான் இட்லிக்கடையில் இருந்தது.

ஆபீஸ் வாசலில் விடியற்காலையிலிருந்து நின்றவர்கள் இதைப்பற்றி அதிகம் பேசவில்லை. வேலை ஆகவேண்டியவர்களுக்குப் பேச நேரம் ஏது. முன்னால் நின்றவர் முன்னாலும் பின்னால் நின்றவர் பின்னாலுமாக, ஒருவர் இடத்தை ஒருவர் விட்டுக்கொடுக்காமல், வரிசை அப்படியே நகர்ந்து கடைத்தெருவைக் கடந்தது, அது கடந்து முடிகிறவரை சரக்கு லாரி ஒன்று ஹாரன் அடிக்காமல் நின்றது. கன்னியம்மா கரண்டியும் கையுமாகப் பக்கச் சுவருக்கு வந்தாள், கம்பிக்குள் குணசீலனைப் பார்த்தாள், சாருக்கு இட்லியா தோசையா என்று கேட்டாள்.

குணசீலனை எனக்கு நன்றாகத் தெரியும். நான் இஸ்திரி போடுகிறவன், பெயர் அங்கமுத்து. எங்கள் தெரு ஏரிக்கரையில் இருக்கிறது. தெரு முழுக்கத் துணி வெளுக்கிறவர்களும் தேய்க்கிறவர்களும்தான், ஊரில் யார் வீட்டில் என்ன கறை என்பது எங்களுக்குத்தான் முதலில் தெரியும். என் மகள் தனபாக்கியத்துக்கு நர்ஸ் படிப்பில் இடம் கிடைத்தபோது, சாதிச் சான்று கேட்டு அந்த மூன்றாம் ஜன்னலில் போய் நின்றேன். எங்கள் சாதியின் பெயர் அரசாங்கப் பட்டியலில் இருக்கிறது. அதை இங்கே எழுதப்போவதில்லை, ஆபீசர் ஆபீசராகச் சொல்லிச் சலித்துப்போன பெயர் அது. குணசீலன் கேட்டுவிட்டு, "அந்தப் பேர்ல ஒரு சாதியே இந்தத் தாலுகாவுல கிடையாதேப்பா" என்றார். வேண்டுமானால் அதுபோலவே காதில் விழுகிற இன்னொரு சாதியின் பெயரைப் போட்டுத் தருகிறேன், வாங்கிக்கொள் என்றார். அதை வாங்கினால் படிப்புக்கு உதவாது. தாலுகாவிலேயே இல்லாத ஆள் பெட்டி போட்டுக் கொடுத்த சட்டையைத்தான் அன்றைக்கு அவர் போட்டிருந்தார், முழங்கை மடிப்பு கத்திமாதிரி நின்றது.

தனபாக்கியத்தின் இடம் வேறு யாருக்கோ போனது. அவள் ஜவுளிக்கடையில் நாள் முழுக்க நின்று புடவை விரித்துக் காட்டுகிறாள், சாயங்காலம் அவள் கால் வீங்கியிருக்கும்போதெல்லாம் குணசீலன் முகம் எனக்கு முன்னால் வரும். மறக்கச் சொன்னார்கள். நான் மறக்கிற ஆள் இல்லை. அதற்குப் பிறகு அவர் வீட்டுத் துணியை எங்கள் தெருவில் யாரும் தொடவில்லை, அவரும் கசங்கிய சட்டையோடு ஆபீஸ் போய்வந்தார், இரண்டு பக்கமும் வருஷங்கள் ஓடின.

ஜன்னல் கிளம்பின வருஷம், தனபாக்கியத்தின் மகள் மோகனப்பிரியா பன்னிரண்டாவது தேறியிருந்தாள். கால்நடை மருத்துவம் படிக்கிற அளவுக்கு மார்க் இருந்தது. கலந்தாய்வுக்குக் கூப்பிட்டிருந்தார்கள். அதே சான்று வேண்டும், ஆடி முடிவதற்குள் வேண்டும். இல்லாவிட்டால் அம்மா நிற்கிற கடையிலேயே மகளுக்கும் ஒரு மூலை காலியாக இருந்தது.

ஜன்னல் வந்ததில் நல்லது நடக்கவில்லை என்று சொன்னால் என் நாக்கு அழுகிவிடும். ஆபீசில் இருந்தபோது மதியம் ஆனால் குணசீலன் ஒரு பலகையை எடுத்து ஜன்னலில் சாத்திவிடுவார், அதற்குப் பிறகு அது எப்போது திறக்கும் என்று சாமிக்கும் தெரியாது. இட்லிக்கடைச் சுவரில் அது நடக்கவில்லை. பலகையைக் கையில் எடுக்கும்போதே கன்னியம்மா பொந்து வழியாகத் தட்டை நுழைத்துவிடுவாள், அவர் சாப்பிடுகிறவரை இடுப்பில் கைவைத்துக்கொண்டு நிற்பாள், கை கழுவியதும் அந்தப் பெரியம்மா காகிதத்தைப் பாருங்கள் சார், காலையிலிருந்து நிற்கிறார்கள் என்பாள். சாம்பாருக்குக் கட்டுப்பட்டவர் என்ன செய்வார், பார்த்தார். இழுத்துக்கொண்டே கிடந்த வாரிசுச் சான்றுகளும் இருப்பிடச் சான்றுகளும் இட்லி வேகிற நேரத்தில் வெளியே வந்தன, வாங்கியவர்கள் அதை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு இன்னொரு முறை பார்த்தார்கள்.

அப்போதுதான் ஊர் ஒரு தப்புச் செய்தது. இவ்வளவு நல்லது செய்கிற பொருளைச் சும்மா விடக்கூடாது என்று பெரியவர்கள் கூடிப் பேசி, வெள்ளிக்கிழமை ஜன்னலுக்கு மஞ்சள் குங்குமம் வைத்தார்கள், சட்டத்துக்கு மாலை போட்டார்கள், திருஷ்டிப் பூசணியைக் கட்டித் தொங்கவிட்டார்கள், கற்பூரத் தட்டைக் கம்பிக்கு நேராகப் பிடித்துச் சுற்றினார்கள். புகை முழுக்க உள்ளே போனது. குணசீலன் இருமி இருமிக் கண் சிவந்து பலகையைச் சாத்தினார், அன்றைக்கு அது திறக்கவில்லை, கும்பிட வந்தவர்களும் மனு கொடுக்க வந்தவர்களும் அடித்துக்கொண்டார்கள். மறுநாள் காலையில் ஜன்னல் முடிதிருத்தகத்தின் சுவரில் இருந்தது. மாலை மட்டும் இட்லிக்கடைச் சுவரில் வாடிக் கிடந்தது.

பிறகு இரண்டாம் ஜன்னலும் நான்காம் ஜன்னலும் கிளம்பின, முதல் ஜன்னலை எப்போதோ செங்கல் வைத்து அடைத்திருந்தார்கள். ஒன்று ரேஷன் கடைக்கு எதிர்ச்சுவருக்குப் போனது, ஒன்று பஸ் நிலையத்தின் கழிப்பறைப் பக்கம் போய் அங்கே இருக்கமுடியாமல் திரும்பியது. முகத்தில் சோப்பு நுரையோடு நாற்காலியில் சாய்ந்தபடி ஒருவர் தன் பிள்ளைக்குப் பிறப்புச் சான்று வாங்கினார், அதை யாரும் அதிசயமாகப் பார்க்கவில்லை, கன்னத்தில் வெட்டு விழாமல் இருந்ததைத்தான் பார்த்தார்கள். ஜன்னல்கள் எதற்கு எங்கே போகின்றன என்று கடைத்தெருவே யோசித்தது. கன்னியம்மாதான் முதலில் சொன்னாள்: "அது அழகான செவுத்தப் பாத்து வரலண்ணே. ஆளுங்க காத்துக்கிட்டு கிடக்கற எடத்தப் பாத்து வருது."

இது காதில் விழுந்ததும், ஜன்னல் தன் சுவரில் இருந்தால் தாலுகாவே தன் வாசலில் நிற்கும் என்று ரைஸ்மில் ரத்தினசபாபதி வேலையை ஆரம்பித்தார். இவருடைய அப்பா என் அப்பாவை வாசல்படிக்குக் கீழே நிற்கவைத்துத் துணியைத் தூக்கிப் போட்டவர். அதற்கு இந்தக் கதையில் இடம் இல்லை, இருந்தாலும் சொல்லிவைக்கிறேன். அவர் மில்லின் ரோட்டோரச் சுவருக்குத் தகரப் பந்தல் போட்டார், நாற்காலி போட்டார், விசிறி மாட்டினார், அரசியல் கூட்டத்துக்கு ஆள் பிடிக்கிற தரகரைக் கூப்பிட்டு ஒரு வேன் நிறைய ஆட்களை இறக்கினார். அவர்களுக்கு வேலை காத்திருப்பதுதான். காலையில் வந்து உட்காரவேண்டும், அடிக்கடி பெருமூச்சு விடவேண்டும், மணி பார்க்கவேண்டும், மதியம் பிரியாணிப் பொட்டலம். மேஸ்திரி ஒருவன் பின்னால் நின்று, இன்னும் கொஞ்சம் சலிச்சுக்குங்கய்யா, கல்யாண வீட்டுல உக்காந்த மாதிரி இருக்கீங்களே என்று திட்டிக்கொண்டிருந்தான். மூன்றாம் ஜன்னல் ஏமாந்துபோய் அந்த வாரமே மில் சுவருக்கு வந்துவிட்டது, அது விட்டுப்போன முடிதிருத்தகச் சுவரில் நான்காம் ஜன்னல் வந்து உட்கார்ந்தது.

தலைநகரத்திலிருந்து ஒரு குழு வந்து சுவர் சுவராகப் பார்த்தது. ஜன்னல் இடம் மாறியதற்கு யார் அனுமதி கொடுத்தது என்று முதல் நாள் விசாரித்தார்கள். பதில் இல்லை என்றதும், இனிமேல் அதற்கு அனுமதி உண்டு என்று இரண்டாம் நாள் தீர்மானித்தார்கள். ஜன்னல் தங்குகிற சுவர்க்காரர்கள் எல்லாம் அரசாங்கத்தின் பங்காளிகள் என்றார்கள். எங்கள் ஊரில் பங்காளி என்றால் வரப்புச் சண்டையில் மண்டை உடைக்கிறவன், அதனால் கூட்டத்தில் சிலர் தலையைத் தடவிப் பார்த்துக்கொண்டார்கள். சுவருக்குச் சுவர் போட்டி இருக்கவேண்டும், போட்டி இருந்தால்தான் வேலை நடக்கும், யார் அதிகம் காகிதம் முடிக்கிறார்களோ அந்தச் சுவருக்கு மாதாமாதம் கேடயம் என்று பெரிய ஆபீசர் ஒருவர் ஒலிபெருக்கியில் சொன்னார். அவர் கெட்டவர் இல்லை, வேர்க்க வேர்க்கப் பேசினார், மனதாரத்தான் பேசினார்.

போட்டி வந்தது. ஆள் வராத ஜன்னலின் குமாஸ்தா கம்பிக்கு வெளியே கையை நீட்டி, டவுன் பஸ் கண்டக்டர்மாதிரி, வருமானச் சான்று இருப்பிடச் சான்று வாங்க வாங்க, உடனே கிளம்புது என்று போகிறவர் வருகிறவரை எல்லாம் கூப்பிட்டார். ரேஷன் கடைச் சுவரில் மோர் கொடுத்தார்கள். முடிதிருத்தகத்தில் காகிதம் கொடுத்தவருக்கு மீசை இலவசமாக ஒதுக்கினார்கள். மில் சுவரில் சீருடை போட்ட பெண் ஒருத்தி ஐயா வாங்க, அம்மா உக்காருங்க என்று எழுந்து நின்று சொன்னாள். அந்த ஜன்னலில் உட்கார்ந்திருந்தது குணசீலன். கேடயம் அவருடைய சுவருக்குத்தான் முதலில் வந்தது.

நானும் பேத்தியும் மூன்று சுவருக்கும் போனோம். குணசீலன் முகத்தில் முழிக்கமாட்டேன் என்று வைத்திருந்தவன், பேத்திக்காக மற்ற இரண்டு சுவரையும் முதலில் முயன்று பார்த்தேன். எல்லா இடத்திலும் உட்காரவைத்தார்கள். எல்லா இடத்திலும் குடிக்கத் தண்ணீர் கொடுத்தார்கள். எல்லா இடத்திலும் ஒரே பதில். எங்கள் சான்றுக்கு ஆபீசர் தெருவுக்கு வந்து, நாங்கள் எப்படி இருக்கிறோம், எங்கள் சாமி எது, சாவு வீட்டில் என்ன செய்கிறோம் என்று விசாரித்து எழுதவேண்டும். அந்த ஒரு காகிதத்துக்குப் போகிற நேரத்தில் ஒரு கூடைச் சுலபமான காகிதங்களை முடித்துவிடலாம், கேடயம் எண்ணிக்கைக்குத்தானே. கடைசியில் மில் சுவருக்குப் போனபோது சீருடைப்பெண் மோகனப்பிரியாவைப் பார்த்து இனிமையாகச் சிரித்து, "இது கள விசாரணை வகைம்மா. இந்தச் செவுத்துல அந்த வகை இல்ல" என்றாள். கம்பிக்குள் குணசீலன் என்னைப் பார்த்தார், பிறகு மேஜையைப் பார்த்தார். முன்பு ஒரு ஜன்னல் எங்களை விரட்டியது, இப்போது மூன்று ஜன்னல்கள் தண்ணீர் கொடுத்து விரட்டின.

திரும்பி நடக்கும்போதுதான் கவனித்தேன், எங்களைப்போலத் திரும்பி நடக்கிறவர்கள் இன்னும் இருந்தார்கள். புருஷன் எங்கேயோ போய்விட்டவள் ஒருத்தி, செத்தான் என்று காகிதம் இல்லாததால் விதவை உதவி இல்லை, இருக்கிறான் என்று ஆள் இல்லாததால் குடும்ப அட்டை இல்லை. கல் உடைத்து உடைத்து ரேகை தேய்ந்துபோனவர் ஒருவர், எந்த மெஷினில் விரலை வைத்தாலும் நீ நீ இல்லை என்று அது சொல்லிவிடும். செங்கல் சூளைக்காரர்கள் குடும்பங்களாக வந்தார்கள், அவர்கள் குடிசைக்குக் கதவே இல்லை, கதவு எண்ணுக்கு எங்கே போவது. நேரம் பிடிக்கிற மனுஷர்கள். மூன்று சுவரும் மரியாதையாகக் கைகாட்டி அனுப்பியவர்கள்.

அன்றைக்கே ஏரிக்கரையில், எங்கள் தெரு முடிகிற இடத்தில், ஒரு சுவர் எழுப்ப ஆரம்பித்தேன். வீடு கிடையாது, கூரை கிடையாது, சுவர் மட்டும். இடிந்த வீடுகளின் செங்கல்லைத் தெருவே பொறுக்கிக்கொண்டு வந்தது, ஏரி மண்ணைக் குழைத்துப் பூசினோம், கழுதைகள் சுமந்தன. கடைத்தெருவில் சிரித்தார்கள். அங்கமுத்து செவுரு கட்டிட்டான், கூரைக்கு அடுத்த தேர்தல் வரணும் என்றார்கள். ரத்தினசபாபதி காரை நிறுத்தி, ஏம்பா, மாடு உரசிக்கறதுக்கா கட்டற என்று கேட்டுவிட்டுப் போனார். தனபாக்கியம்கூட வீங்கின காலோடு வந்து பார்த்து, வயசான காலத்துல எதுக்குப்பா இந்த வீம்பு என்றாள். வீம்புதான். அது இல்லாவிட்டால் என்னிடம் வேறு என்ன இருக்கிறது என்று சொன்னேன்.

சுவர் காய்ந்ததும் அதற்கு எதிரே உட்கார்ந்தேன். பேத்தி பக்கத்தில் உட்கார்ந்தாள். புருஷன் போனவளை அழைத்தோம், ரேகை போனவரை அழைத்தோம், சூளைக்காரர்கள் பிள்ளைகுட்டிகளோடு வந்தார்கள். எங்களுக்குப் பெருமூச்சு விடச் சொல்லிக்கொடுக்க மேஸ்திரி தேவைப்படவில்லை. மழை தூறினபோது உட்கார்ந்திருந்தோம், ஆடிக் காற்று மண்ணை வாரிக் கண்ணில் போட்டபோது உட்கார்ந்திருந்தோம், துணி துவைக்கவேண்டியவர்கள் அங்கேயே துவைத்தார்கள், நான் வண்டியைத் தள்ளிக்கொண்டு வந்து அங்கேயே பெட்டி போட்டேன், ஒரு குழந்தை அங்கேயே நடக்கப் பழகியது. கன்னியம்மா இட்லிக் குண்டானைத் தலையில் வைத்துக்கொண்டு வந்து, அவள் அக்கா மகனுக்கும் ஒரு மனு கிடக்கிறது என்று சொல்லி எங்களோடு உட்கார்ந்துவிட்டாள். ஆடி நகர்ந்துகொண்டே இருந்தது. மோகனப்பிரியா கலந்தாய்வுக் கடிதத்தை மடித்து மடித்து அதன் மடிப்புகள் கிழிய ஆரம்பித்திருந்தன.

பிறகு மில்லிலிருந்து ஆட்கள் வர ஆரம்பித்தார்கள். பிரியாணிக்குக் காத்திருந்தவர்கள்தான். முதலில் ஒருவன் வந்து தலையைச் சொறிந்துகொண்டு நின்றான். அங்கே சும்மாதானே உட்கார்ந்திருக்கிறோம், எங்க ஆயா பேர்ல ஒரு பட்டா மாத்தணும், அங்க கேட்டா இந்தச் செவுத்துல அந்த வகை இல்லேன்னுட்டாங்க, இங்க உக்காரலாமா என்று கேட்டான். உக்காரு என்றேன். மறுநாள் அவன் கூட்டாளிகள் வந்தார்கள். கூலிக்குக் காத்திருந்தவன் ஒவ்வொருத்தனிடமும் நிஜமாகக் காத்திருக்க ஒரு காரியம் இருந்தது. வேன் காலியாகத் திரும்பிப் போனது, மேஸ்திரியே கடைசியில் அவன் அம்மாவின் முதியோர் உதவிக் காகிதத்தோடு வந்து கடைசியாக உட்கார்ந்தான்.

ஆடிக் கடைசி வெள்ளிக்குக் கூழ் ஊற்றின அன்று காலை, எங்கள் சுவரில் மூன்று ஜன்னல்களும் இருந்தன. நடுவில் குணசீலனுடையது. யாரும் கைதட்டவில்லை. கும்பிடப்போன ஒரு கிழவியைக் கன்னியம்மா பிடித்து உட்காரவைத்தாள்.

உள்ளே இருந்தவர்கள் எங்களைப் பார்த்தார்கள், மூன்று பேரும் ஒரே நேரத்தில் பலகையைச் சாத்தினார்கள்.

நாங்கள் எழுந்திருக்கவில்லை. அந்த ஆபீசுக்கு வெளிச்சமும் காற்றும் அந்த ஜன்னல்கள் வழியாகத்தான் போகவேண்டும், ஆடிக் காற்றில் மின்கம்பம் சாய்ந்து ஊர் முழுக்கக் கரண்ட் இல்லை. பலகைக்கு அந்தப் பக்கம் நாற்காலிகள் இடிபடுகிற சத்தம் கேட்டது, யாரோ தீப்பெட்டி தேடினார்கள், தாசில்தார் அம்மா புழுக்கம் தாங்காமல் சத்தம் போட்டது கேட்டது. எங்கள் சத்தமும் அவர்களுக்குக் கேட்டிருக்கும். கல்லில் துணி அடிக்கிற சத்தம், கழுதை கத்துகிறது, தண்ணீர்ச் சண்டை, குழந்தை அழுகை, கூடவே வெள்ளாவி கொதிக்கிற வாசனையும். இந்தத் தாலுகாவில் இல்லாதவர்களின் சத்தம் மதியம் வரைக்கும் பலகை இடுக்கு வழியாக உள்ளே போய்க்கொண்டே இருந்தது. ரத்தினசபாபதி வந்து தாசில்தாரிடம் பேசவேண்டும், நடு ஜன்னல் மில்லுக்கு எழுதிக்கொடுத்தது என்றார். வரிசையில் நில்லுங்க என்று ரேகை தேய்ந்தவர் சொன்னார். வரிசை ஏரியைச் சுற்றிப் போயிருந்தது. அவர் அதன் கடைசியைப் பார்க்கக் கொஞ்சதூரம் நடந்து பார்த்துவிட்டுக் காரில் ஏறினார்.

நடு ஜன்னலின் பலகைதான் முதலில் விலகியது. குணசீலன் சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டிருந்தது. வெளிச்சத்துக்குக் கண்ணைச் சுருக்கினார். எனக்குப் பேச வாய் வந்தது, தனபாக்கியத்தின் வீங்கின கால் முழுக்க என் வாய்க்குள் இருந்தது, ஆனால் மோகனப்பிரியா என் கையைத் தள்ளிவிட்டு அவளே பலகையில் முழங்கையை ஊன்றினாள். மனுவைப் பொந்தில் நுழைத்து, எங்கள் சாதிப் பெயரை வகுப்பில் ஆஜர் சொல்கிறமாதிரித் தெளிவாகச் சொன்னாள்.

குணசீலன் மனுவைத் தொடவில்லை. தாழ்ந்த குரலில், பக்கத்து ஜன்னல்காரருக்குக் கேட்கக்கூடாது என்பதுபோலப் பேசினார்.

"எனக்கு முன்னால இருந்தவரும் குடுத்ததில்ல, அவருக்கு முன்னால இருந்தவரும் குடுத்ததில்லம்மா. மொதல்ல எவன் எழுதறானோ அவன்தான் மாட்டுவான். இவ்வளவு நாளா இல்லாதது இப்ப எப்படி வந்துச்சுன்னு என்னத்தான் கேப்பாங்க."

வருஷக்கணக்காக நான் இவரைத் திமிர்பிடித்தவர் என்று நினைத்திருந்தேன். பயந்தவர் என்று தெரிந்தபோது என் கோபம் குறையவில்லை, இன்னும் கொஞ்சம் ஏறியது. ஒரு பயத்துக்காகவா என் பெண் நிற்கிறாள்.

"மொதல்ல வாங்கறதும் நான்தான் சார்," என்றாள் மோகனப்பிரியா. "என்னையும்தான் கேப்பாங்க. ரெண்டு பேரும் சேந்தே மாட்டுவோம்."

பின்னால் யாரோ சிரித்தார்கள். அந்த முகத்தில் நான் பார்த்தேயிராத ஒன்று, குணசீலனுக்கும் உதடு கொஞ்சம் சிரிப்பில் கோணியது. ஆனாலும் விடவில்லை, அவர் ஆபீஸ்காரர். தெருவுக்கு நேரில் வந்து பார்த்தால்தான் விசாரணை எழுதமுடியும், ஜீப் வேண்டும், தேதி போடவேண்டும் என்றார்.

"வந்துட்டீங்களே சார். எட்டிப் பாருங்க."

அவர் நாற்காலியை விட்டு எழுந்தார். மேஜையைச் சுற்றிக்கொண்டு வந்து கம்பிகளுக்கு நடுவே முகத்தை வைத்தார், கன்னத்தில் துருவின் கோடு பதிந்தது. இடதுபக்கம் பார்த்தார், அங்கே துறையில் கற்கள் வரிசையாகக் கிடந்தன, ஒவ்வொரு கல்லிலும் ஒரு குடும்பம் நின்றது. வலதுபக்கம் பார்த்தார், வேப்பமரத்தடியில் எங்கள் சாமி கல்லாக நின்றது, கூழ்ப்பானையைச் சுற்றிப் பெண்கள் குலவை போட்டுக்கொண்டிருந்தார்கள். ஒரு கிழவரைப் பார்த்து, சாவுச் சேதிய யார் வந்து சொல்லுவா, பாடை போற வழியில மாத்துத்துணி யார் விரிப்பா என்று கேட்டார். கிழவர் அவர் பாட்டன் காலத்திலிருந்து ஆரம்பித்துச் சொன்னார், தெருவே நடுவில் புகுந்து திருத்தியது, ஒருவர் சொன்னதை ஒருவர் மறுத்தார்கள், குணசீலன் கம்பி வழியாகக் கையமர்த்தி, மெதுவா மெதுவா, எழுதணுமில்ல என்றார்.

எழுதினார். உள்ளே தாசில்தார் அம்மாவின் மேஜைக்கு எடுத்துக்கொண்டு போனார். அங்கே நீண்ட பேச்சு நடந்தது, எங்களுக்கு ஒன்றும் கேட்கவில்லை. ஒரு சமயம் அந்த அம்மாவே ஜன்னலுக்கு வந்து வரிசை எங்கே முடிகிறது என்று பார்த்துவிட்டுப் போனார். பேத்தி பலகையிலிருந்து முழங்கையை எடுக்கவே இல்லை. வெயில் சாய்கிறபோது பொந்து வழியாகக் குணசீலனின் கை வெளியே வந்தது, கையில் காகிதம் இருந்தது, மை காயாமல் இருந்தது.

மோகனப்பிரியா அதை இரண்டு கையாலும் வாங்கிப் படித்தாள். மேலிருந்து கீழ்வரை ஒரு தடவை, எங்கள் சாதிப் பெயர் இருந்த வரியை மட்டும் இன்னொரு தடவை. பிறகு அவள் அம்மாவிடம் கொடுத்தாள். தனபாக்கியம் முந்தானையால் கையைத் துடைத்துக்கொண்டுதான் தொட்டாள், தொட்டுவிட்டுத் தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

குணசீலன் கம்பிக்கு அந்தப் பக்கம் என்னையே பார்த்துக்கொண்டு நின்றார். ஒரு வார்த்தை எதிர்பார்த்தார் என்று தெரிந்தது. ஒருவேளை நன்றி, ஒருவேளை பழசை எல்லாம் விட்டுவிட்டேன் என்று. அது என்னிடம் இல்லை. என் பெண்ணுக்குப் போனது போனதுதான், பேத்திக்குக் கிடைத்ததை வைத்து அதைக் கழித்துக்கொள்ள நான் சம்மதிக்கவில்லை. பக்கத்து ஜன்னல்காரர் வேலை முடிகிற நேரம் என்று மேஜைமேல் இருந்ததை அடுக்க ஆரம்பித்திருந்தார்.

நான் எனக்குப் பின்னால் நின்ற ரேகை தேய்ந்தவரைத் தோளில் பிடித்து முன்னால் நகர்த்தி, அவருடைய இரண்டு கையையும் எடுத்து ஜன்னல் பலகைமேல் விரித்து வைத்தேன்.

"இன்னும் ஆளுங்க இருக்காங்க, சார்," என்றேன்.